பதினொரு இடத்தில் விட்ட பெயர்

பக்கத்து வீட்டில் ஒரு டம்ளர் சர்க்கரை கைமாற்று வாங்கினால், திருப்பிக் கொடுக்கும்போது ஒரு பிடி தூக்கலாகவே போட்டுக் கொடுப்பது நம் வீட்டுப் பெண்களின் வழக்கம். வாங்கியவள் மறந்தாலும் கொடுத்தவள் மறப்பதில்லை. மறக்காவிட்டாலும் வாயைத் திறந்து கேட்பதில்லை. அங்கேதான் சங்கடம்! கேட்டுவிட்டால் நமக்குச் சுலபம் அல்லவா?

என் அத்தையிடம் நான் அப்படி ஒரு கடன் வாங்கிப் பத்து வருஷத்துக்கு மேலாயிற்று. வாங்கியது சர்க்கரை அல்ல. ஒரு கட்டுரை.

2015-ஆம் ஆண்டு ஜூலை 14-ஆம் தேதி காலையில் மெல்லிசை மன்னர் எம். எஸ். விஸ்வநாதன் காலமானார். அப்போது நான் பத்திரிகைத் தொழிலுக்குப் புதிது. பயிற்சிக் காலம் கூட முடியவில்லை. ஆசிரியர் என்னைக் கூப்பிட்டு, "சாயங்காலத்துக்குள் நாலு பக்கம் வேண்டும். வெறும் தேதிகளை அடுக்காதே. கேட்டு அனுபவித்தவர்கள் எழுதின மாதிரி இருக்கணும்" என்றார்.

கேட்டு அனுபவித்தவர்! என் காதுக்குப் பழகியதெல்லாம் வேறு காலத்துப் பாட்டு. விழித்துக்கொண்டு நின்ற எனக்குச் சட்டென்று அத்தையின் ஞாபகம் வந்தது. பாலக்கோட்டுக்குப் போன் போட்டேன்.

தர்மபுரி ஜில்லாவில் பாலக்கோடு என்றால் தக்காளி மண்டியும் மாந்தோப்பும் உங்களுக்கு ஞாபகம் வரலாம். எனக்கு அத்தைதான் ஞாபகம் வருவாள். பாலக்கோட்டிலிருந்து இரண்டு மைல் தள்ளி ஒரு கிராமம். அத்தை படித்தது எட்டாம் வகுப்பு வரைதான். ஆனால் ஒரு பாட்டின் முதல் வயலின் இழைப்பைக் கேட்டவுடனே, என்ன படம், எந்த வருஷம், யார் இசை என்று மூன்றையும் சொல்லிவிடுவாள். நாற்பது பக்க நோட்டுகள் ஏழெட்டு வைத்திருந்தாள். இலங்கை வானொலியில் கேட்டதையெல்லாம் படத்தின் பெயர், பாடியவர், இசையமைத்தவர் என்று கட்டம் போட்டு எழுதி வைத்திருப்பாள். பால் கணக்குக்கூட அவ்வளவு சுத்தமாக இராது!

இந்தச் சங்கீத ஞானம் வந்த வழிதான் வேடிக்கை. அத்தை சிறுமியாக இருந்தபோது வயல்களுக்கு அப்பால் டூரிங் கொட்டகை வந்து இறங்கும். தினம் படம் பார்க்கக் காசு ஏது? பெண் குழந்தையை இரண்டாம் ஆட்டத்துக்கு அனுப்பத்தான் யார் சம்மதிப்பார்கள்? ஆனால் ராத்திரியில் சத்தத்துக்கு வேலி ஏது? வாசலில் பாயை விரித்துப் படுத்தால் காற்று வாட்டத்துக்கு முழுப் படமும் காதில் வந்து விழும். வசனம் பாதி புரியும், பாதி புரியாது. வாத்தியங்கள் மட்டும் துல்லியமாகக் கேட்கும். 'பாச மலர்' 1961-இல் வந்த படம். அது அந்தக் கொட்டகைக்கு வந்து ஒரு வாரம் ஓடியபோது, படத்தை ஒரு தடவை கூடப் பார்க்காமல் ஏழு ராத்திரியும் கேட்டிருக்கிறாள். மூன்றாம் நாளே பக்கத்தில் படுத்திருந்த என் பாட்டியிடம், "இப்போ எல்லாரும் அழுவாங்க பாரு" என்பாளாம். சொல்லி வாயை மூடுவதற்குள் கொட்டகையிலிருந்து மூக்கு உறிஞ்சும் சத்தம் வரும் என்று பாட்டி சொல்லிச் சிரிப்பாள். மூக்கு உறிஞ்சுவது அத்தனை தூரம் கேட்குமா என்று நான் கேட்டதில்லை. கேட்டால் கதை கெட்டுப்போகும்.

பாட்டைப் பற்றி யாரும் பேசுவார்கள். அத்தை பேசியது பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே ஓடுகிற பின்னணி இசையைப் பற்றி. படம் பார்க்கிறவனுக்கு அது காதில் விழுந்தும் விழாததுபோல் இருக்கும். படம் பார்க்காதவளுக்கோ அதுதான் படம்.

அது எப்படிச் செய்யப்பட்டது தெரியுமோ? படம் பிடித்து, வெட்டி ஒட்டி முடித்த பிறகு ரீல் ரீலாக இசையமைப்பாளருக்குத் திரையிட்டுக் காட்டுவார்கள். ஒரு ரீல் என்பது ஆயிரம் அடி. பதினோரு நிமிஷம் ஓடும். கதாநாயகி கடிதத்தைப் பிரிக்கிறாளா? பிரிக்கிறதிலிருந்து கண்ணில் நீர் தளும்புகிற வரை எத்தனை விநாடி என்று குறித்துக்கொள்வார்கள். அந்த விநாடிகளுக்குள் அடங்குமாறு ஸ்வரம் எழுதி, வாத்தியக்காரர்களை உட்கார வைத்து, எதிரே திரையில் படம் ஓட ஓட வாசிக்கச் சொல்லி ஒலிப்பதிவு செய்வார்கள். ஒருவர் தப்பினால் எல்லாரும் முதலிலிருந்து வாசிக்க வேண்டியதுதான். மெட்டுப் போடத் தெரிந்தால் மட்டும் இந்த வேலை நடக்காது. இருபது முப்பது பேரைக் கட்டி மேய்க்கவும் தெரிய வேண்டும்.

அன்று ஒரு மணி நேரம் அத்தை போனில் பேசினாள். நான் எழுதிக்கொண்டே போனேன். விரல் வலித்தது.

விஸ்வநாதன் 1928-இல் பாலக்காட்டை அடுத்த எலப்புள்ளியில் பிறந்தவர். நாலு வயதுக்குள் தகப்பனார் போய்விட்டார். வறுமை தாங்காமல் தாயார் குழந்தையையும் சேர்த்துக்கொண்டு உயிரை விடத் துணிந்தார். தாத்தா பார்த்துத் தடுத்துக் கண்ணனூருக்கு அழைத்துப் போனார். அங்கே நீலகண்ட பாகவதரிடம் சங்கீதம். பதின்மூன்று வயதில் மேடைக் கச்சேரி. நடிகனாக வேண்டும் என்ற ஆசையில் ஜூபிடர் பிக்சர்ஸுக்கு வந்தார். நடிப்பு கைகூடவில்லை. இசையமைப்பாளர் எஸ். எம். சுப்பையா நாயுடுவின் கீழ் எடுபிடியாகவும் ஆர்மோனியக்காரராகவும் இருந்தார்.

இந்த இடத்தில் அத்தையின் குரல் சற்றே மாறியது. அந்தப் பையன் தனியாக உட்கார்ந்து மெட்டுப் போடுவான். நாயுடு கேட்டுவிட்டு நன்றாக இருந்தால் படத்தில் சேர்த்துக்கொள்வார். வெளியே சொல்லாதே என்பார். கோவையிலிருந்து ஜூபிடர் சென்னைக்கு மாறியபோதுதான், முதலாளி சோமசுந்தரத்திடம் நாயுடுவே வாயைத் திறந்தார்: இன்னின்ன பாட்டுகளுக்கு மெட்டுப் போட்டது இந்தப் பையன், இவனைக் கைவிட்டுவிடாதீர்கள் என்று. பிற்காலத்தில் நாயுடு நொடித்தபோது விஸ்வநாதன் அவரைத் தம் வீட்டிலேயே வைத்துப் பார்த்துக்கொண்டார். 1979-இல் நாயுடு காலமானதும் மகன் ஸ்தானத்தில் நின்று கடைசிக் காரியங்களையும் செய்தார். சினிமா உலகத்தில் இப்படியும் நடந்திருக்கிறது!

சென்னையில் அவர் சேர்ந்தது சி. ஆர். சுப்பராமனிடம். மேதை. 1952-இல் இருபத்தெட்டே வயதில் சுப்பராமன் மறைந்தபோது 'தேவதாஸ்' உட்படச் சில படங்கள் பாதியில் நின்றன. அவற்றை முடித்துக் கொடுத்தவர்கள் அவருடைய குழுவில் இருந்த இருவர். ஒருவர் விஸ்வநாதன். இன்னொருவர் வயலின் வித்வான் டி. கே. ராமமூர்த்தி.

ராமமூர்த்தி திருச்சிராப்பள்ளிக்காரர். 1922-இல் பிறந்தவர், விஸ்வநாதனைவிட ஆறு வயது மூத்தவர். வயலினுக்குப் பெயர் போன மலைக்கோட்டை கோவிந்தசாமிப் பிள்ளையின் பேரன். கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் 'பணம்' படத்தை எடுத்தபோது இந்த இருவரையும் ஜோடியாகச் சேர்த்துவிட்டார். வடக்கே சங்கர்-ஜெய்கிஷன் இல்லையா, அதுபோல. யார் பெயர் முன்னால் வருவது என்ற பேச்சு வந்ததாம். "நீ பெரியவன், பின்னால் நின்று தம்பியைத் தாங்கிக்கொள்" என்று கலைவாணர் ராமமூர்த்தியிடம் சொன்னதாகப் பழைய சினிமாக்காரர்கள் சொல்வதுண்டு. மூத்தவர் சம்மதித்தார். 1952-இல் வெளியான 'பணம்' படத்தில் விஸ்வநாதன் - ராமமூர்த்தி என்று பெயர் வந்தது. பதின்மூன்று ஆண்டுகள் அப்படியே வந்தது.

ஒரே ஒரு வருஷத்தை மட்டும் எடுத்துப் பாருங்கள். 1964. 'கர்ண'னில் வடநாட்டு ராகங்கள், ஷெனாய், சாரங்கி. 'காதலிக்க நேரமில்லை'யில் காலேஜ் பிள்ளைகளின் துள்ளல். 'புதிய பறவை'யில் மேல்நாட்டு வாத்தியங்களும் நெஞ்சைப் பிசைகிற மர்மமும். மூன்றும் வேறு வேறு ஊர்ச் சமையல் மாதிரி. அடுப்பு ஒன்று, சமைத்த கை நாலு.

இத்தனையும் அத்தை சொன்னது. நாயுடு கதையைச் சொல்லும்போது "விஸ்வநாதன்" என்றாள். 'பணம்' முதற்கொண்டு 'ஆயிரத்தில் ஒருவன்' வரையில் பேசியபோது ஒரு தடவை கூட அப்படிச் சொல்லவில்லை. "விஸ்வநாதன் ராமமூர்த்தி, விஸ்வநாதன் ராமமூர்த்தி" என்று ஒவ்வொரு தடவையும் முழுசாகவே சொன்னாள், தெருவில் போகிற பெரியவரை மரியாதையோடு கூப்பிடுகிறமாதிரி.

கட்டுரையை எழுதினேன். இடம் போதவில்லை. எதை வெட்டலாம் என்று பார்த்தபோது அந்த இரண்டாவது பெயர் வரிக்கு வரி வந்து நின்றது. இறந்தவர் விஸ்வநாதன், கட்டுரை அவரைப் பற்றியது, ராமமூர்த்தி இரண்டு வருஷத்துக்கு முன்பே, 2013 ஏப்ரலில், காலமாகிவிட்டார், அவரைப் பற்றி ஒரு வரி தனியாகப் போட்டால் போதாதா என்று எனக்கு நானே நியாயம் சொல்லிக்கொண்டேன். கடைசியில் இடநெருக்கடியில் அந்த ஒரு வரியும் போயிற்று. யார் மேலும் பழி இல்லை. வெட்டியது என் கைதான்.

கட்டுரை வெளிவந்தது. கேட்டு ரசித்தவர்தான் இப்படி எழுத முடியும் என்று வாசகர்கள் கடிதம் எழுதினார்கள். ஆசிரியர் முதுகைத் தட்டினார். அடுத்த மாதம் வேலையும் நிரந்தரமாயிற்று. அத்தையின் பெயரையோ, பாலக்கோட்டையோ, வாசலில் விரித்த பாயையோ நான் எங்கும் குறிப்பிடவில்லை. அத்தை போன் செய்தாள். "நல்லாயிருக்கு கண்ணு" என்றாள். அவ்வளவுதான். நானும் சந்தோஷப்பட்டுக்கொண்டேன்.

இந்தப் பங்குனியில் ஊருக்குப் போயிருந்தேன். மொரப்பூரில் ரயிலை விட்டு இறங்கி, பஸ் மாறி, நான் போய்ச் சேரும்போது உச்சி வேளை. தர்மபுரிச் சீமையில் அது புளி காலம். அத்தை திண்ணையில் உட்கார்ந்து புளியை உடைத்துக் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள். எழுபது தாண்டிவிட்டது, இடது காது அநேகமாகக் கேட்பதில்லை. வலது காதுப் பக்கம் உட்கார்ந்து பேச வேண்டும்.

போர்வை எடுக்கப் பெட்டியைத் திறந்தேன். அடியில் அந்த நாற்பது பக்க நோட்டுகள். அவற்றின் மேல், பாலிதீன் உறையில், என் கட்டுரை வந்த இதழ். ஆசையாகப் பிரித்தேன். பிரித்தவுடனே கை நின்றுவிட்டது.

கட்டுரை நெடுக, அந்தப் பதின்மூன்று வருஷப் படங்களைப் பற்றி எங்கெங்கே விஸ்வநாதன் என்று அச்சாகியிருந்ததோ, அங்கெல்லாம் பக்க ஓரத்தில் நீல மையில் ஒரு சின்னக் கோடு. கோட்டுக்குப் பக்கத்தில் 'ராமமூர்த்தி'. கட்டம் போட்டு நோட்டு எழுதின அதே குண்டுக் கையெழுத்து. எண்ணிப் பார்த்தேன். பதினொரு இடம்.

திண்ணைக்கு வந்து வலது பக்கமாக உட்கார்ந்தேன். புத்தகத்தைக் காட்டினேன்.

"ஏன் அத்தை, அப்பவே சொல்லியிருக்கலாமே?"

"என்னன்னு சொல்றது? உனக்கு வேலை கெடைச்ச சந்தோஷம். அதுல போய்ச் சொல்வாங்களா?"

"உங்க பேரையும்தான் நான் போடலை."

அத்தை என்னைப் பார்த்த பார்வையில் அந்தச் சங்கதி அவளுக்கு இதுவரை தோன்றவே இல்லை என்பது தெரிந்தது. "எம்பேர் எதுக்கு? நானா மெட்டுப் போட்டேன்?" என்றாள். ஒரு புளியை உடைத்து, ஓட்டை உதறி, நாரை உரித்தாள். பிறகு, "விஸ்வநாதனுக்கு எத்தினி எழுத்து?" என்று கேட்டாள்.

விரலை மடக்கினேன். "ஆறு."

"ராமமூர்த்திக்கு?"

மறுபடியும் மடக்கினேன். அதுவும் ஆறு!

"ரெண்டு பேருக்கும் ஆறாறுதான். பின்னே ஏன் கண்ணு ஒருத்தரை மட்டும் எடுத்துட்டே?"

பதினொரு இடம், ஆறு எழுத்து. அறுபத்தாறு எழுத்து இடத்தை மிச்சம் பிடித்திருக்கிறேன். இந்தச் சிக்கனத்தை என் வீட்டுச் செலவில் ஒரு மாதமும் நான் காட்டியதில்லை.

அன்று சாயங்காலம் வரை அத்தை விட்ட இடத்திலிருந்து சொன்னாள். 2015-இல் நான் எழுதாமல் விட்டது அது, இப்போது எழுதுகிறேன்.

1963-இல் சென்னையில் திருவல்லிக்கேணி கல்சுரல் அகாடமி விழாவில் கொடுத்த பட்டம் 'மெல்லிசை மன்னர்கள்'. கடைசியில் ஒரு 'கள்' உண்டு. 1965-இல் 'ஆயிரத்தில் ஒருவ'னோடு இருவரும் பிரிந்தார்கள். ("அந்த வருஷந்தான் காந்தி ஜெயந்தியன்னிக்கு நம்ம ஜில்லாவும் சேலத்தை விட்டுப் பிரிஞ்சுது. எல்லாரும் பிரியற வருஷம் போல" என்றாள் அத்தை.) ஏன் பிரிந்தார்கள் என்பதற்கு ஆளுக்கொரு காரணம் சொல்கிறார்கள். வீட்டுக்கு வீடு ஓரகத்திகள் தனிக்குடித்தனம் போகிற காரணத்தை வெளியார் சொன்னால் நாம் நம்புகிறோமா? அதை விட்டுவிடுவோம். பிரிந்த பிறகு 'கள்' உதிர்ந்துபோயிற்று. மன்னர் ஒருவரானார்.

விஸ்வநாதன் தனியாக மலைபோல் உழைத்தார். தமிழ்த்தாய் வாழ்த்துக்கு 1970-இல் மெட்டமைத்தவர் அவரே. தினம் காலையில் பாலக்கோட்டுப் பள்ளிக்கூடத்தில் நம் குழந்தைகள் ஐம்பத்தைந்து விநாடி நிமிர்ந்து நிற்பது அவர் மெட்டுக்குத்தான். அதில் அத்தைக்கு ஒரு குறையும் இல்லை. விஸ்வநாதன் என்றால் அவளுக்கு உயிர். ராமமூர்த்தியும் சும்மா இருந்துவிடவில்லை. 1966-இல் 'சாது மிரண்டால்', 1967-இல் 'நான்', 1969-இல் 'தங்கச் சுரங்கம்' என்று இசையமைத்தார். 'நான்' படப் பாட்டுகளை அத்தை நோட்டில் சிவப்பு மையில் எழுதியிருக்கிறாள். பிடித்துப்போனால் சிவப்பு மை. ஆனால் வர வர அவருக்குப் படங்கள் குறைந்துகொண்டே போயின.

முப்பது வருஷம் கழித்து 1995-இல் 'எங்கிருந்தோ வந்தான்' படத்துக்கு இருவரும் மறுபடி சேர்ந்தார்கள். 2012 ஆகஸ்டில் முதலமைச்சர் ஜெயலலிதா இருவரையும் ஒரே மேடையில் நிறுத்தி, 'திரை இசைச் சக்கரவர்த்தி' என்ற பட்டத்தையும் தங்கக் காசுகளையும் காரையும் இருவருக்குமே கொடுத்தார். அடுத்த ஏப்ரலில் ராமமூர்த்தி போய்விட்டார். பத்ம விருது எதுவும் கடைசி வரை இருவருக்குமே வரவில்லை. அதிலாவது பாரபட்சம் இல்லை!

அதே 2012-இல், மார்ச் மாதம், 'கர்ண'னைப் புதுப்பித்து மறுபடி வெளியிட்டார்களே, ஞாபகம் இருக்கிறதா? நான் அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். சென்னைக்கு வந்திருந்த அத்தையை அழைத்துப் போனேன். பெயர்கள் ஓடும்போது இசை என்று வந்த இடத்தில் அத்தை என் தொடையில் ஒரு தட்டுத் தட்டி, "பார், பார்!" என்றாள். எதைப் பார்க்கச் சொன்னாள் என்று அன்றைக்கு எனக்கு விளங்கவில்லை. படம் பிரமாதமாக இருக்கப்போகிறது என்கிறாளாக்கும் என்று நினைத்து, ஆமாம் ஆமாம் என்று தலையை ஆட்டினேன். பாப்கார்ன் தின்றுகொண்டிருந்தேன்.

திண்ணையில் உட்கார்ந்து இதை எழுதி முடித்ததும் அத்தையின் வலது காதுப் பக்கம் நகர்ந்து உரக்கப் படித்துக் காட்டினேன். தெருவில் போன இரண்டு பேர் நின்று கேட்டுவிட்டுப் போனார்கள். ஒவ்வொரு பெயருக்கும் அத்தை கொட்டை எடுப்பதை நிறுத்தி நிறுத்தி ஆரம்பித்தாள். எண்ணுகிறாள் என்று தெரிந்தது. ஓரிடத்தில் மட்டும் குறுக்கிட்டு, சுப்பையா நாயுடு நல்ல மனுஷர், அவர் வெளியே சொல்லாதே என்றதை எழுதினாயே, கடைசியில் அவரே வாயைத் திறந்து சொன்னதையும் எழுதினாயா என்று கேட்டாள். எழுதியிருக்கிறேன் என்றேன். மறுபடி அந்த இடத்தைப் படிக்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டாள்.

"அத்தை, இந்தத் தடவை உங்க பேரைப் போடட்டுமா?"

"அதெல்லாம் வேணாம். பாலக்கோட்டு அத்தைன்னு போடு, போதும். ஊர்ல நாப்பது அத்தைங்க இருக்காங்க; ஆளாளுக்கு நான்தான்னு நெனைச்சுக்கட்டும்."

பெட்டமுகிலாளம் மலைப் பக்கம் கருத்துக்கொண்டு வந்தது. பங்குனி மாதத்து மழைக்கு நேரம் காலம் ஏது? அத்தை முறத்தை என் கையில் கொடுத்தாள். "உள்ளே எடுத்துட்டுப் போ, கண்ணு. புளி நனைஞ்சா கறுத்துப்போகும்."